த்ராட்டிலைத் துடைத்தால் மட்டும் போதுமா?

(விவசாயிகளுக்கான வானொலி நிகழ்ச்சியில் வேளாண் விரிவாக்க அலுவலர் ஒருவர் ஆற்றிய உரை)



விதை, உரம், பூச்சி மருந்து என்று பேச வேண்டிய ஆள் இன்றைக்குக் காரைப் பற்றிப் பேச வந்துவிட்டாரே என்று நினைக்கிறீர்களா? காரணம் இருக்கிறது. செகண்ட் ஹேண்டில் வாங்கிய பெட்ரோல் கார் இப்போது பல விவசாயக் குடும்பங்களில் இருக்கிறது. விடியற்காலையில் பூக்கூடையை ஏற்றிக்கொண்டு மார்க்கெட்டுக்குப் போவதும் அதில்தான். ராத்திரியில் பிரசவ வலி கண்ட பெண்ணை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோவதும் அதில்தான். அந்த வண்டி ரயில்வே கேட்டில் நின்றுபோனாலும் ஆபத்து. காலை எடுத்த பிறகும் தானாகச் சீறினாலும் ஆபத்து.

இந்த இரண்டு கோளாறுக்கும் பல நேரங்களில் காரணமாக இருப்பது த்ராட்டில் என்னும் சின்ன உறுப்பு. அதைத் துடைத்தால் சரியாகும் என்பது பலருக்கும் தெரியும். துடைத்த பிறகு ஒரு வேலை இருக்கிறது. அதுதான் பலருக்குத் தெரியவில்லை. அந்த வேலையைச் செய்யாமல் விட்டு, "த்ராட்டிலே போச்சு, புதுசு போடணும்" என்று பல ஆயிரம் ரூபாய் செலவழித்தவர்கள் உண்டு. எனக்குத் தெரிந்த மல்லிகை விவசாயி ஒருவர் அப்படித்தான் புதுசு வாங்கிப் போட்டார். போட்ட பிறகும் அதே சீற்றம்! கடைசியில், பணம் கொடுத்து வாங்கிய சாமான் எதுவும் இல்லாமல், கால் மணி நேர வேலையில் சரியாயிற்று. அந்தக் கால் மணி நேர வேலை என்ன என்பதுதான் இன்றைய பேச்சு.

மதகும் நீர்பாய்ச்சியும்

பெட்ரோல் என்ஜினில் வேகத்தைக் கூட்டுவதும் குறைப்பதும் காற்றின் அளவை வைத்துத்தான். என்ஜினுக்குக் காற்று போகும் குழாயில் வட்டமான ஒரு தட்டு இருக்கிறது. வாய்க்காலில் மதகு எப்படியோ, காற்றுக்கு இந்தத் தட்டு அப்படி. ஆக்ஸிலேட்டரை மிதித்தால் தட்டு திறக்கும். காலை எடுத்தால் மூடிக்கொள்ளும். தட்டும், அது பொருந்திய குழாயும், அதை அசைக்கும் மோட்டாரும் சேர்ந்த பாகத்தைத்தான் த்ராட்டில் பாடி என்கிறோம்.

எவ்வளவு காற்று போகிறதோ அதற்குத் தகுந்த பெட்ரோலை வண்டியில் உள்ள கம்ப்யூட்டர் பீய்ச்சுகிறது. கலப்பில்லாத பெட்ரோல் 1 கிலோ எரிய வேண்டுமானால் காற்று சுமார் 14.7 கிலோ வேண்டும். இந்தக் கணக்கு தவறினால் என்ஜின் திணறும், நிற்கும், இல்லாவிட்டால் பெட்ரோலை வீணாக்கும்.

வண்டி நின்றபடி ஓடும்போது, அதாவது ஐடிலிங்கில் இருக்கும்போது, தட்டு கிட்டத்தட்ட மூடியே இருக்கும். தட்டின் ஓரத்தில் மயிரிழை போன்ற இடைவெளி. அந்த இடைவெளி வழியாகப் போகிற காற்றுதான் என்ஜினை அணையாமல் வைத்திருக்கிறது. பல சிறிய கார்களில், என்ஜின் சூடான பிறகு ஐடிலிங் நிமிஷத்துக்கு 650 முதல் 800 சுற்று வரை இருக்கும்.

அந்தக் காலத்து அம்பாசடர், பத்மினி கார்களில் கார்புரேட்டர் இருந்தது. ஐடிலிங் சரியில்லை என்றால் மெக்கானிக் ஸ்குரூ டிரைவரை எடுத்து ஒரு திருகு திருகுவார். காதால் கேட்டே சரிசெய்துவிடுவார். 2000-ஆம் ஆண்டை ஒட்டிப் புகைக் கட்டுப்பாட்டு விதிகள் இறுகியபோது கார்களில் கார்புரேட்டர் போய், கம்ப்யூட்டர் பெட்ரோல் பீய்ச்சும் முறை வந்தது. பிறகு ஆக்ஸிலேட்டர் கேபிளும் போயிற்று. இப்போது நீங்கள் பெடலை மிதித்தால் எந்தக் கம்பியும் தட்டை இழுப்பதில்லை. "இவ்வளவு மிதித்திருக்கிறார்" என்று பெடலில் உள்ள சென்சார் கம்ப்யூட்டருக்குச் சொல்கிறது. கம்ப்யூட்டர் ஒரு மின் மோட்டாரை ஓட்டித் தட்டைத் திறக்கிறது. நீங்கள் நிலத்துக்காரர், கம்ப்யூட்டர் உங்கள் நீர்பாய்ச்சி. நீங்கள் "தண்ணி விடப்பா" என்கிறீர்கள். மதகைத் தொடுகிறவர் அவர்.

பெடலில் ஒன்றுக்கு இரண்டு சென்சார்கள். தட்டிலும் அப்படியே இரண்டு. ஒரு சாட்சி பொய் சொன்னால் இன்னொரு சாட்சி காட்டிக்கொடுக்கும் என்பதற்காக. இரண்டும் முரண்பட்டால் கம்ப்யூட்டர் செக் என்ஜின் விளக்கைப் போட்டு, மோட்டாருக்கு மின்சாரத்தை நிறுத்திவிடும். அப்போது தட்டு ஸ்பிரிங் பலத்தில் சிறிது திறந்த நிலையில் நிற்கும். வண்டி தவழ்ந்தபடி ஓரமாக வந்து சேரும், வேகம் எடுக்காது. இது உங்கள் உயிரைக் காக்கும் ஏற்பாடு. அதைக் கண்டு பெடலை மேலும் மேலும் மிதிக்க வேண்டாம்.

அழுக்கு எங்கிருந்து வருகிறது?

ஏர் ஃபில்டர்தான் இருக்கிறதே, பிறகு எப்படி அழுக்கு என்று கேட்கலாம். அழுக்கில் பெரும்பங்கு உள்ளேயிருந்தே வருகிறது. என்ஜின் ஓடும்போது ஆயில் இருக்கும் பகுதியில் ஆவியும் புகையும் சேரும். அதை வெளியே விட்டால் காற்று கெடும் என்பதால், ஒரு ஹோஸ் வழியாகத் திரும்பவும் என்ஜினுக்குள்ளேயே அனுப்பி எரிக்கிறார்கள். இந்த எண்ணெய் ஆவி த்ராட்டில் தட்டின் ஓரத்தில் படியும். நம் மண் ரோட்டுப் புழுதியில் நுண்ணியது அதில் ஒட்டும். நாளாக ஆக, தட்டைச் சுற்றிக் கறுப்பு வளையமாகக் கட்டிக்கொள்ளும். இதைத்தான் மெக்கானிக்குகள் "கார்பன் புடிச்சிருக்கு" என்பார்கள்.

மயிரிழை இடைவெளியில் கார்பன் அடைத்தால் காற்று குறையும். ஐடிலிங் இறங்கும், வண்டி நடுங்கும், ஏசி போட்டால் நிற்கும். ஆனால் இது ஒரே நாளில் வருவதில்லை. ஏன்? அங்கேதான் கம்ப்யூட்டரின் சாமர்த்தியம் இருக்கிறது.

கம்ப்யூட்டர் போடும் மனக்கணக்கு

மதகடியில் வண்டல் சேர்ந்துகொண்டே வருகிறது என்று வையுங்கள். நல்ல நீர்பாய்ச்சி என்ன செய்வார்? போன மாதம் ஷட்டரை நாலு திருகு தூக்கினார். இந்த மாதம் ஐந்து திருகு தூக்குவார். வயலுக்குப் போகும் தண்ணீர் குறையாது. நிலத்துக்காரருக்கு வண்டல் சேர்ந்ததே தெரியாது.

கார் கம்ப்யூட்டரும் அதையே செய்கிறது. அழுக்கு கூடக்கூடத் தட்டைச் சிறிது சிறிதாக அதிகம் திறந்து, "இந்த என்ஜினுக்கு ஐடிலிங்கில் இவ்வளவு திறப்பு வேண்டும்" என்று தன் ஞாபகத்தில் குறித்து வைக்கிறது.

இப்போது ஒரு நாள் வண்டலை முழுக்க வாரிவிடுகிறீர்கள். நீர்பாய்ச்சிக்குச் சொல்லவில்லை. அவர் வழக்கம்போல ஐந்து திருகு தூக்குகிறார். என்ன ஆகும்? வயல் மூழ்கும். துடைத்த த்ராட்டிலிலும் இதுதான் நடக்கிறது. தட்டு சுத்தம், கணக்கு பழையது. காற்று மிதமிஞ்சிப் போய், 700 சுற்றில் ஓட வேண்டிய என்ஜின் 1,200, 1,500 என்று சீறுகிறது. காலை எடுத்த பிறகும் வண்டி முன்னுக்குத் தள்ளும். ஆட்டோமேட்டிக் கியர் வண்டியாக இருந்தால் ரிவர்ஸ் போட்டதும் பின்னால் பாயப் பார்க்கும். பின்னால் குழந்தை நின்றால் என்ன ஆவது? யோசித்துப் பாருங்கள்.

இதற்கு நேர்மாறான கோளாறும் உண்டு. த்ராட்டில் அழுக்காகவே இருக்கிறது. ஆனால் வண்டி நன்றாகத்தான் ஓடுகிறது. ஒரு நாள் பாட்டரி மாற்றுகிறீர்கள். சில வண்டிகளில் பாட்டரியைக் கழற்றினால் கம்ப்யூட்டர் குறித்து வைத்த கணக்கு அழிந்துவிடும். அது கம்பெனியில் வைத்த தொடக்கக் கணக்குக்குப் போகும். அந்தக் கணக்கு சுத்தமான தட்டுக்கு உரியது. அழுக்குத் தட்டில் அந்தத் திறப்பு போதாது. வண்டி ஸ்டார்ட் ஆகி ஆகி நிற்கும். "பாட்டரிக்காரன் என்னமோ பண்ணிட்டான்" என்று சண்டைக்குப் போவோம். உண்மையில் நெடுநாள் மறைந்திருந்த அழுக்கு அன்றைக்குத்தான் வெளிப்பட்டது.

ஆகவே, த்ராட்டில் வேலை என்பது இரண்டு பாதி. துடைப்பது ஒரு பாதி. கம்ப்யூட்டருக்குப் புதிய கணக்கைக் கற்றுக்கொடுப்பது மறு பாதி. இதை மெக்கானிக்குகள் ரீலேர்னிங் என்றும் அடாப்டேஷன் என்றும் சொல்கிறார்கள். பின்வரும் சமயங்களில் இது தேவைப்படும்:

1. த்ராட்டிலைத் துடைத்த பிறகு.
2. த்ராட்டில் பாடியைப் புதிதாக மாற்றிய பிறகு.
3. என்ஜின் கம்ப்யூட்டரை மாற்றிய பிறகு.
4. ஆக்ஸிலேட்டர் பெடலை மாற்றிய பிறகு, அல்லது அதன் ஒயர் பிளக்கைக் கழற்றி மாட்டிய பிறகு.
5. சில வண்டிகளில், பாட்டரியைக் கழற்றி மாட்டிய பிறகு.

துடைக்கும்போது கவனிக்க வேண்டியவை

வண்டி நன்றாக இருக்கும்போது சும்மா துடைக்க வேண்டாம். ஐடிலிங் நடுங்குகிறது, நிற்கிறது, தட்டைப் பார்த்தால் கறுப்பு வளையம் தெரிகிறது என்றால் மட்டும் கை வையுங்கள். பழக்கம் இல்லாதவர்கள் மெக்கானிக்கிடம் விடுவதே நல்லது. ஆனால் அவர் எப்படிச் செய்கிறார் என்று பக்கத்தில் நின்று பாருங்கள்.

முதலாவது, என்ஜின் ஆறியிருக்க வேண்டும். சாவி ஆஃப் செய்து கையில் இருக்க வேண்டும். சாவி ஆனில் இருக்கும்போது மோட்டார் திடீரென்று தட்டை மூடினால் விரல் நசுங்கும்.

இரண்டாவது, மோட்டார் வைத்த த்ராட்டிலில் தட்டை விரலாலோ ஸ்குரூ டிரைவராலோ பலமாகத் தள்ளக் கூடாது. உள்ளே உள்ள பல்சக்கரங்கள் பெரும்பாலும் பிளாஸ்டிக். பல் உடைந்தால் அப்புறம் உண்மையாகவே புதுசுதான் வாங்க வேண்டிவரும்.

மூன்றாவது, த்ராட்டிலுக்கென்றே விற்கும் கிளீனர் ஸ்பிரேயைத் துணியில் அடித்து, அந்தத் துணியால் தட்டின் ஓரத்தையும் குழாயின் உட்சுவரையும் துடைக்க வேண்டும். உப்புத்தாள், கம்பி பிரஷ், கத்தி எதுவும் ஆகாது. சில த்ராட்டில்களில் தட்டின் ஓரத்தில் காற்று கசியாமல் இருக்க ஒரு பூச்சு பூசியிருப்பார்கள். கறுப்பாக இருக்கிறதே என்று அதையும் சுரண்டிவிட்டால், கசிவு நிரந்தரமாகிவிடும். எத்தனை முறை கற்றுக்கொடுத்தாலும் ஐடிலிங் இறங்காது.

நான்காவது, சென்சார், ஒயர் பிளக், காற்றளவு பார்க்கும் கருவி இவற்றின் மேல் ஸ்பிரே படக் கூடாது.

ஐந்தாவது, காய்ந்த பிறகு ஹோஸை முன்போலவே பொருத்தி கிளிப்பை இறுக்க வேண்டும். ஹோஸ் சரியாக உட்காராமல் வெளிக்காற்று புகுந்தாலும் என்ஜின் சீறும். அதைக் கணக்குக் கோளாறு என்று நினைத்து ஏமாறக் கூடாது.

கற்றுக் கொடுப்பதற்கு முன்

தராசில் எடை போடுவதற்கு முன் வெறுந்தட்டில் முள் நடுவில் நிற்கிறதா என்று பார்ப்போம் அல்லவா? தட்டில் ஒரு இலை கிடந்தாலும் கணக்கு தப்பு. இங்கும் அப்படித்தான். என்ஜின் மேல் வேறு எந்தச் சுமையும் இருக்கக் கூடாது.

கியர் நியூட்ரலில், ஆட்டோமேட்டிக் என்றால் பார்க்கிங்கில், இருக்க வேண்டும். கைபிரேக் போட வேண்டும். ஏசி, ஹெட்லைட், ரேடியோ எல்லாம் ஆஃப். ஸ்டியரிங் நேராக இருக்க வேண்டும். பாட்டரி நல்ல சார்ஜில் இருக்க வேண்டும். என்ஜின் ஓடிச் சூடேறியிருக்க வேண்டும். செக் என்ஜின் விளக்கு எரிந்துகொண்டிருந்தால், அந்தக் கோளாறை முதலில் பார்க்க வேண்டும்.

இடமும் முக்கியம். மூடிய ஷெட்டுக்குள் என்ஜினை ஓட விடாதீர்கள். புகையில் உள்ள கார்பன் மோனாக்சைடு வாசனையே இல்லாமல் ஆளைக் கொல்லும். களத்தில் வைக்கோல், சருகு மேலும் நிறுத்தாதீர்கள். வண்டிக்கு அடியில் புகைக் குழாயில் உள்ள கேட்டலிடிக் கன்வெர்ட்டர் கடுமையாகக் கொதிக்கும், வைக்கோல் பற்றிக்கொள்ளும். திறந்த வெளியில், வெறுந்தரையில் நிறுத்துங்கள்.

ஒரு முறை: நிஸ்ஸான் கார்களில்

கற்றுக்கொடுக்கும் முறை கம்பெனிக்குக் கம்பெனி மாறும். உதாரணத்துக்கு நிஸ்ஸான் கார்கள் பலவற்றுக்குச் சொல்லப்பட்டிருக்கும் முறையைச் சொல்கிறேன். மைக்ரா, சன்னி போன்றவை சென்னைக்கு அருகே ஒரகடத்தில் தயாரானவை. பழைய கார் சந்தையில் பார்த்திருப்பீர்கள். இதில் மூன்று படிகள். கையில் விநாடி காட்டும் கடிகாரம் வேண்டும்.

முதல் படி, பெடலின் இடத்தைக் கற்பிப்பது. பெடலிலிருந்து காலை முழுக்க எடுத்துவிடுங்கள். சாவியை ஆன் செய்து 2 விநாடி பொறுங்கள். ஸ்டார்ட் செய்யக் கூடாது. ஆஃப் செய்து 10 விநாடி பொறுங்கள். மறுபடி ஆன், 2 விநாடி. மறுபடி ஆஃப், 10 விநாடி. விநாடி கொஞ்சம் கூடினால் பரவாயில்லை, குறையக் கூடாது. "காலை எடுத்தால் பெடல் இந்த இடத்தில் இருக்கும்" என்று கம்ப்யூட்டர் இதில் தெரிந்துகொள்கிறது.

இரண்டாம் படி, தட்டு மூடும் இடத்தைக் கற்பிப்பது. கால் பெடலில் படாமல் சாவியை ஆன் செய்து, பிறகு ஆஃப் செய்யுங்கள். ஆஃப் செய்த பின் 10 விநாடிக்குக் குறையாமல் பொறுங்கள். அந்த நேரத்தில் த்ராட்டில் பக்கம் காதைக் கொடுத்தால் தட்டு அசையும் சத்தம் மெல்லக் கேட்கும். கேட்டால் படி முடிந்தது.

மூன்றாம் படிதான் முக்கியம்: ஐடிலிங்குக்கு எவ்வளவு காற்று என்று கற்பிப்பது. என்ஜினைச் சூடேற்றி, நிறுத்தி, 10 விநாடி பொறுங்கள். பிறகு:

1. கால் பெடலில் இல்லாமல் சாவியை ஆன் செய்து 3 விநாடி பொறுங்கள். என்ஜின் ஓடக் கூடாது.
2. அடுத்த 5 விநாடிக்குள் பெடலை முழுக்க மிதித்து முழுக்க விடுவதை 5 தடவை செய்யுங்கள்.
3. 7 விநாடி பொறுங்கள்.
4. பெடலை முழுக்க மிதித்து அப்படியே பிடித்திருங்கள். செக் என்ஜின் விளக்கு சிமிட்டத் தொடங்கும். சுமார் 20 விநாடியில் சிமிட்டுவது நின்று, விளக்கு நிலையாக எரியும்.
5. நிலையாக எரிந்ததும் 3 விநாடிக்குள் காலை எடுத்துவிடுங்கள்.
6. என்ஜினை ஸ்டார்ட் செய்து, பெடலைத் தொடாமல் 20 விநாடி ஓட விடுங்கள்.

முதல் தடவையிலேயே விநாடிக் கணக்கு ஒத்துவருவது சிரமம். ஒருவர் கடிகாரத்தைப் பார்த்துச் சொல்ல, ஒருவர் மிதித்தால் எளிது. வீட்டில் படிக்கிற பிள்ளைகளை எண்ணச் சொல்லுங்கள். தவறினால் சாவியை ஆஃப் செய்து முதலிலிருந்து தொடங்கலாம். வண்டிக்கு ஒன்றும் ஆகாது.

மற்ற வண்டிகளில்

நிஸ்ஸானுக்குச் சொன்னதை மற்ற வண்டிகளில் செய்து பார்க்காதீர்கள், பலன் இராது. ஹோண்டா கார்கள் பலவற்றில், ஸ்கேனரால் பழைய கணக்கை அழித்துவிட்டு, சுமையில்லாமல் என்ஜினை 3,000 சுற்றில் பிடித்து, ரேடியேட்டர் ஃபேன் சுற்றும் வரை சூடேற்ற வேண்டும். பிறகு காலை எடுத்துவிட்டுச் சுமார் 5 நிமிஷம் ஐடிலிங்கில் ஓட விட வேண்டும். ஃபோக்ஸ்வாகன் வகை வண்டிகளில், என்ஜினை ஓட்டாமல் சாவியை மட்டும் ஆன் செய்து, ஸ்கேனர் மூலம் கட்டளை கொடுத்தால் தட்டு தானே திறந்து மூடித் தன் எல்லைகளை அளந்துகொள்ளும். வேறு சில வண்டிகள், சூடான ஐடிலிங்கிலும் சாதாரண ஓட்டத்திலும் தாமாகவே கற்றுக்கொள்ளும். நாம் செய்ய வேண்டியது அவசரப்படாமல் இருப்பதுதான்.

உங்கள் வண்டிக்கு எது என்று எப்படித் தெரியும்? அந்த மாடலின் சர்வீஸ் கையேட்டில் இருக்கும். மெக்கானிக்கிடம் வண்டியை விடும்போதே, "அண்ணே, த்ராட்டில் தொடச்ச பிறகு ரீலேர்னிங் பண்ணுவீங்களா? ஸ்கேனர் இருக்கா?" என்று கேட்டுவிடுங்கள். இருக்கிறது என்பவரிடம் விடுங்கள். இந்த ஒரு கேள்வி உங்கள் பணத்தைக் காக்கும்.

சரியாயிற்றா என்று பார்ப்பது

என்ஜின் சூடான நிலையில் மீட்டரைப் பாருங்கள். சுற்று கையேட்டில் சொன்ன அளவில் நிலையாக நிற்க வேண்டும். இரண்டு மூன்று தடவை ரேஸ் கொடுத்து விடுங்கள். முள் இறங்கி அதே இடத்தில் நிற்க வேண்டும், அணையவும் கூடாது, மேலும் கீழும் ஆடவும் கூடாது. பிறகு ஏசி போடுங்கள், ஹெட்லைட் போடுங்கள், ஸ்டியரிங்கைத் திருப்புங்கள். சுற்று ஒரு கணம் தடுமாறி மீண்டால் சரி. கடைசியாக, ஆள் நடமாட்டம் இல்லாத இடத்தில் முன்னும் பின்னும் மெதுவாக ஓட்டிப் பாருங்கள். இதெல்லாம் முடிந்த பிறகே மார்க்கெட்டுக்கு லோடு ஏற்றுங்கள்.

வரவில்லை என்றால்?

இரண்டு மூன்று தடவை முறையாகச் செய்தும் ஐடிலிங் இறங்கவில்லை என்றால், கற்றுக்கொள்ள விடாமல் ஏதோ தடுக்கிறது என்று பொருள். செலவு குறைந்ததிலிருந்து தேடுங்கள்.

முதலில் ஹோஸ்களைப் பாருங்கள். வெடிப்பு, கழன்ற முனை, தளர்ந்த கிளிப் இருக்கிறதா? நம் ஊரில் இன்னொரு எதிரி எலி. நெல் மூட்டைக்குப் பக்கத்தில் நிறுத்திய வண்டியில் எலி புகுந்து ரப்பர் ஹோஸையும் ஒயரையும் கடித்துவிடும். வெளிக்காற்று புகும் ஓட்டை இருக்கும் வரை கணக்கு நேராகாது. அடுத்து ஏர் ஃபில்டர், அடுத்து பாட்டரி, அடுத்து த்ராட்டிலின் ஒயர் பிளக்.

அதன் பிறகு ஸ்கேனர் போடச் சொல்லுங்கள். பி 0507 என்று வந்தால் ஐடிலிங் இருக்க வேண்டியதைவிட அதிகம்; பி 0506 என்றால் குறைவு. இவை இரண்டும் நோயின் அறிகுறிதான், எந்தச் சாமானை மாற்ற வேண்டும் என்று சொல்பவை இல்லை. பி 2135 என்றால் இரண்டு சென்சார் சாட்சிகளும் முரண்படுகின்றன. அதை ரீலேர்னிங் மட்டும் சரிசெய்யாது. ஒயர், பிளக், சென்சார் சோதிக்க வேண்டும். அதுவும் பார்த்து, பழுது த்ராட்டில் பாடியில்தான் என்று உறுதியான பிறகு புதுசு வாங்குங்கள். வாங்கிய புதுசுக்கும் கற்றுக்கொடுக்க வேண்டும் என்பதை மறக்காதீர்கள்.

சில சந்தேகங்கள்

கேள்வி: ஸ்கேனரில் கோடு அழித்தால் போதாதா?
பதில்: கோடு அழிப்பது விளக்கை அணைப்பது மட்டுமே. கணக்கைக் கற்பிப்பது வேறு வேலை. இரண்டும் ஒன்றென்று சிலர் நினைத்துக்கொள்கிறார்கள்.

கேள்வி: டிராக்டருக்கும் டீசல் வண்டிக்கும் இது உண்டா?
பதில்: டீசல் என்ஜினில் வேகத்தை ஆள்வது காற்றில்லை, பீய்ச்சும் டீசலின் அளவு. டிராக்டரில் கையால் இழுக்கும் த்ராட்டில் லீவர் டீசலைக் கூட்டிக் குறைப்பது. புதிய டீசல் வண்டிகள் சிலவற்றில் காற்றுத் தட்டு இருந்தாலும் அதன் வேலை வேறு. இன்று சொன்ன முறை பெட்ரோல் கார்களுக்கு மட்டும்.

கேள்வி: பழைய கேபிள் வண்டி வைத்திருக்கிறேன். எனக்கும் பொருந்துமா?
பதில்: கேபிள் இருந்து, பெட்ரோல் பீய்ச்சும் முறையும் இருந்தால், ஐடிலிங் காற்றுக்கெனத் தனியாக ஒரு சிறிய வால்வு இருக்கும். தட்டைப்போல அதிலும் கார்பன் பிடிக்கும். துடைத்த பிறகு பல வண்டிகளில் அதற்கும் கற்பிக்க வேண்டும். தட்டு நிற்கும் இடத்தில் உள்ள ஸ்டாப் ஸ்குரூவை மட்டும் தொடாதீர்கள். கார்புரேட்டர் நினைப்பில் அதைத் திருகினால் கம்ப்யூட்டரின் அடிப்படைக் கணக்கே குலைந்துவிடும்.

கேள்வி: அழுக்கு சீக்கிரம் சேராமலிருக்க என்ன செய்வது?
பதில்: புழுதி ரோட்டில் ஓடும் வண்டிக்கு ஏர் ஃபில்டரைச் சீக்கிரம் சீக்கிரம் பாருங்கள். என்ஜின் ஆயிலைக் காலத்தில் மாற்றுங்கள். டிப்ஸ்டிக்கில் மேல்கோட்டுக்கு மேல் ஆயில் ஊற்றாதீர்கள். கூடுதல் ஆயில் ஆவியாகி த்ராட்டிலில்தான் வந்து படியும்.

விவசாயப் பெருமக்களே, வண்டலை வாரினால் நீர்பாய்ச்சிக்கு ஒரு வார்த்தை சொல்லிவிடுவது நம் வழக்கம். காரிலும் அதே வழக்கத்தை வைத்துக்கொள்ளுங்கள். துடைத்த பிறகு வண்டி சீறினால் கலங்க வேண்டாம். சாமான் வாங்கவும் ஓட வேண்டாம். முதலில் கணக்கைக் கற்றுக்கொடுங்கள், பிறகு ஹோஸைப் பாருங்கள், பிறகு ஸ்கேனரில் பாருங்கள். புதுசு வாங்குவது எல்லாவற்றுக்கும் கடைசியில். அந்தப் பணம் வீட்டில் இருந்தால் அடுத்த போகத்து விதைக்கு ஆகும்.